காரின் நெற்றிப் பட்டை: நிழலா, வெறும் நிறமா?

கார்களின் முன் கண்ணாடியில், மேல் விளிம்பை ஒட்டி, கறுப்பாகவோ நீலமாகவோ பச்சையாகவோ ஒரு பட்டை ஓடுவதை நீங்கள் பார்த்திருப்பீர்கள். சில கார்களில் அது கண்ணாடியுடனேயே வருகிறது. பெரும்பாலானவற்றில் பின்னால் கடையில் வாங்கி ஒட்டப்பட்டது. உறையைக் கையில் எடுத்துப் படித்தால் மூன்று வாக்குறுதிகள் காணப்படும்: புற ஊதாக் கதிர்களைத் தடுக்கும், காரினுள் வெப்பத்தைக் குறைக்கும், கண் கூச்சத்தைப் போக்கும். இவற்றை ஒவ்வொன்றாக இயற்பியலின் உரைகல்லில் உரசிப் பார்ப்போம். கார் ஓட்டாத மாணவர்களுக்கும் இதில் வேலை உண்டு. பள்ளி இறுதி வகுப்புக் கோண அளவியலுக்கு மேல் இங்கே ஒன்றும் தேவைப்படாது.

முதல் வாக்குறுதி பொய்யன்று, தேவையற்றது. காரின் முன் கண்ணாடி ஒற்றைத் தகடு அன்று. இரண்டு கண்ணாடித் தகடுகளுக்கு நடுவே பாலிவினைல் பியூட்டிரால் என்னும் பிளாஸ்டிக் ஏட்டை வைத்து, வெப்பமும் அழுத்தமும் கொடுத்து ஒட்டுகிறார்கள். மோதலில் கண்ணாடி உடைந்தாலும் துண்டுகள் முகத்தில் பாயாமல் அந்த ஏடு பிடித்துக்கொள்ளும். அதே ஏடு புற ஊதாக் கதிர்களில் ஏறத்தாழ முழுவதையும் விழுங்கிவிடுகிறது. வெயிலில் தானே கறுக்கும் மூக்குக் கண்ணாடி அணிந்தவர்களைக் கேட்டுப் பாருங்கள். காருக்குள் அது சரியாகக் கறுப்பதில்லை என்பார்கள். அதைக் கறுக்கச் செய்வது பெரும்பாலும் புற ஊதாக் கதிரே. அது உள்ளே வந்து சேர்வதில்லை. கூரை வீட்டுக்குள் இருப்பவனிடம் குடை விற்பதைப் போன்றது இந்த வாக்குறுதி. பக்கக் கண்ணாடிகள் பொதுவாக ஒற்றைத் தகடுகள். நீண்ட அலைப் புற ஊதாக் கதிரில் கணிசமான பகுதியை விட்டுவிடுகின்றன. ஆனால் பட்டை அங்கே ஒட்டப்படுவதில்லையே!

வெப்பத்தைப் பற்றியும் அதிகம் பேச வேண்டியதில்லை. தரையை அடையும் சூரிய ஆற்றலில் ஏறத்தாழப் பாதி, கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்புப் பகுதியில் இருக்கிறது. சாயம் ஏற்றிய சாதாரணப் பட்டை கண்ணுக்குத் தெரியும் ஒளியைத்தான் நன்றாக விழுங்குகிறது. அகச்சிவப்பைப் பெரும்பாலும் போக விடுகிறது. விழுங்கிய ஆற்றலும் மாயமாக மறைந்துவிடாது. கண்ணாடி சூடேறி, அச்சூட்டில் ஒரு பகுதி மீண்டும் உள்ளேதான் வருகிறது. போகட்டும், பட்டையில் விழும் வெப்பத்தில் பாதியை அது தடுத்துவிடுவதாகவே வைத்துக்கொள்வோம். கண்ணாடியின் உயரம் 75 செ.மீ., பட்டையின் அகலம் 15 செ.மீ. என்றால் பட்டைக்கு உரிய பரப்பு ஐந்தில் ஒரு பங்கு. அதில் பாதி, பத்தில் ஒரு பங்கு. அதுவும் முன் கண்ணாடி வழியே வரும் வெப்பத்தில் மட்டும். கூரையும் மற்ற நான்கைந்து கண்ணாடிகளும் அப்படியே இருக்கின்றன. வெயிலில் நிறுத்திய காரின் முன் கண்ணாடிக்குப் பின்னால் விரிக்கும் வெள்ளி நிற அட்டை, விலை குறைவானாலும் இதைவிட எவ்வளவோ மேல்.

மூன்றாவது வாக்குறுதிதான் ஆராய வேண்டியது. ஏனெனில் உயிர்கள் இதில் அடங்கியிருக்கின்றன.

எதிரே சூரியன் இருக்கும்போது சாலை ஏன் தெரிவதில்லை? கண்ணுக்குள் நுழையும் கடும் ஒளி, கண் வில்லையிலும் உள்ளிருக்கும் ஊடகங்களிலும் சிதறி, விழித்திரை முழுவதும் ஒரு மெல்லிய வெண் திரையை விரித்துவிடுகிறது. காட்சி அழிவதில்லை, அதன் மீது ஒளிப் பால் ஊற்றப்படுகிறது. 1920-களில் ஹாலடேயும் ஸ்டைல்ஸும் இத்திரையை அளந்து ஓர் எளிய தொடர்பைக் கண்டார்கள். திரையின் ஒளிர்வு, கண்ணில் விழும் ஒளியின் அளவுக்கு நேர் விகிதத்திலும், பார்வைத் திசைக்கும் ஒளி மூலத்துக்கும் இடையேயுள்ள கோணத்தின் இருமடிக்கு எதிர் விகிதத்திலும் இருக்கிறது. 20 பாகை உயரத்தில் உள்ள சூரியன் விரிக்கும் திரையைவிட, அதே அளவு ஒளி 5 பாகையிலிருந்து வந்தால் விரியும் திரை 16 மடங்கு தடித்தது. அடிவானத்தை நெருங்கும்போது காற்று மண்டலம் சூரிய ஒளியைக் குறைத்துவிடுவது உண்மை. எனினும் இருமடி விதியின் வேகத்துக்கு, கடைசிச் சில நிமிடங்கள் வரை, அது ஈடு கொடுப்பதில்லை.

இந்த இடத்தில் பட்டைக்கு உரிய பெருமையைக் கொடுத்துவிட வேண்டும். கறுப்புக் கண்ணாடி அணிந்தால் சூரியனும் மங்குகிறது, சாலையும் அதே விகிதத்தில் மங்குகிறது. ஆகவே திரைக்கும் காட்சிக்கும் உள்ள விகிதம் மாறாது. பட்டையோ சூரியனை மட்டும் மங்க வைத்து, சாலையைத் தெளிந்த கண்ணாடி வழியே காட்டுகிறது. ஐந்தில் ஒரு பங்கு ஒளியை விடும் பட்டைக்குப் பின்னால் சூரியன் இருக்குமானால் திரையும் ஐந்தில் ஒன்றாகிறது. நல்ல உத்தி, ஐயமில்லை. கேள்வி ஒன்றே ஒன்று: சூரியன் பட்டைக்குப் பின்னால் எவ்வளவு நேரம் இருக்கும்?

கணக்கிடுவோம். ஓட்டுநரின் கண்ணிலிருந்து கண்ணாடியின் மேல் விளிம்பு 70 செ.மீ. முன்னாலும் 30 செ.மீ. மேலாகவும் இருக்கட்டும். கண்ணாடி, கிடைமட்டத்துக்கு 30 பாகை சாய்ந்திருக்கட்டும். மேல் விளிம்பின் ஏற்றக் கோணம் 23 பாகை. அங்கிருந்து கண்ணாடி வழியே 15 செ.மீ. இறங்கினால், செங்குத்தாக 7.5 செ.மீ.தான் இறங்குகிறோம், ஆனால் 13 செ.மீ. முன்னே போய்விடுகிறோம். பட்டையின் கீழ் விளிம்பு 83 செ.மீ. முன்னால், 22.5 செ.மீ. மேலே நிற்கிறது. அதன் கோணம் 15 பாகை. ஆக, சாய்ந்த கண்ணாடியில் பார்ப்பதற்கு அகலமாகத் தோன்றும் பட்டை, கண்ணுக்கு வெறும் 8 பாகைதான்!

இனி, டிசம்பர் மாத மாலையில் சேலத்திலிருந்து கோயம்புத்தூருக்குப் புறப்படுங்கள். அச்சாலை மொத்தத்தில் மேற்கிலிருந்து ஏறத்தாழ 30 பாகை தெற்கே தள்ளிச் செல்கிறது. டிசம்பரில் நம் பகுதியில் சூரியன் மறைவதும் மேற்கிலிருந்து 24 பாகை தெற்கே. எனவே பயணத்தின் பெரும்பகுதியில் சூரியன் உங்கள் நெற்றிக்கு நேரே இருக்கும். அப்போது அது மணிக்கு 13 பாகை அளவில் இறங்குகிறது. பட்டையின் 8 பாகையைக் கடக்க அதற்கு முப்பத்தைந்து நிமிடம் போதும், தோராயமாக 4.15 மணியிலிருந்து 4.50 வரை. அதன் பிறகு, ஆறு மணிக்குச் சூரியன் மறையும் வரை, ஒரு மணி நேரத்துக்கும் மேலாக, பட்டைக்குக் கீழே தெளிந்த கண்ணாடி வழியே அது உங்கள் கண்ணில் விழுகிறது. இருமடி விதி தன் முழுக் கொடுமையையும் காட்டும் நேரம் அது. வயலிலிருந்து திரும்புகிறவர்களும், சைக்கிளில் வீடு திரும்பும் பள்ளிப் பிள்ளைகளும் சாலையோரம் வரும் நேரமும் அதுவே. சூரியன் அவர்களுக்குப் பின்னால் இருப்பதால், உங்களை நோக்கியிருப்பது அவர்களுடைய நிழல் பக்கம். கறுத்த உருவத்தின் மேல் ஒளித் திரை விழுந்தால் மிஞ்சுவது என்ன?

என் வகுப்பில் இக்கணக்கைக் கொடுத்தபோது ஒரு மாணவி கேட்டாள்: “அப்படியானால் பட்டையை இன்னும் கீழே இறக்கி ஒட்டினால் என்ன, சார்?” இறக்கலாம். 8 பாகை வரை மறைக்க வேண்டுமானால் இதே கண்ணாடியில் பட்டை 32 செ.மீ.க்குச் சற்று அதிகமாக இறங்க வேண்டும். நாள் முழுவதும், இரவிலும், கண்ணாடியின் ஏறத்தாழ மேல் பாதி இருண்டு கிடக்கும். அதைவிட, ஒவ்வொரு காரிலும் கூரையோடு மடித்து வைத்திருக்கும் வெயில் மறைப்புப் பலகையை நினைத்துப் பாருங்கள். அது கண்ணுக்கு அருகில் இருப்பதால் சிறிது இறக்கினாலே பெரிய கோணத்தை மறைக்கிறது. கண்ணுக்கு 40 செ.மீ. முன்னால், 6 செ.மீ. மேலே அதன் விளிம்பு நின்றால், எட்டரைப் பாகை வரை சூரியன் மறைந்துவிடும். வேண்டாதபோது மடித்துவிடலாம். காரோடு இலவசமாக வந்த இப்பலகை, காசு கொடுத்து வாங்கும் பட்டையை வென்றுவிடுகிறது. எஞ்சும் கடைசி நாற்பது நிமிடத்துக்கு இரண்டுக்குமே வழியில்லை. வேகத்தைக் குறைப்பதும், ஓரிடத்தில் இறங்கித் தேநீர் அருந்துவதும், முன்கூட்டியே கண்ணாடியின் உட்புறத்தைத் துடைத்து வைப்பதும்தான் உண்டு. உட்புறத்தைப் பலரும் துடைப்பதே இல்லை. முகப்புப் பலகையின் பிளாஸ்டிக்கிலிருந்து ஆவியாகும் பொருள் அங்கே மெல்லிய படலமாகப் படிகிறது. கண்ணுக்குள் நிகழும் சிதறலுக்கு முன்பே, இப்படலத்தில் ஒரு சிதறல் நிகழ்ந்துவிடுகிறது.

நிறத்தைப் பற்றி ஒரு சொல். நீல வடிகட்டி நீல ஒளியை விடும், சிவப்பை விழுங்கும். நகரச் சந்திப்பில் சாலைக்கு மேலே நீட்டிய கம்பத்தில் சைகை விளக்கு 5.5 மீட்டர் உயரத்தில் இருப்பதாகவும், உங்கள் கண் 1.2 மீட்டரில் இருப்பதாகவும் கொள்ளுங்கள். விளக்கிலிருந்து 20 மீட்டர் தொலைவில் அது 12 பாகையில், பட்டைக்குக் கீழே, தெளிவாகத் தெரியும். 12 மீட்டருக்கு வரும்போது 20 பாகைக்கு ஏறிப் பட்டைக்குள் புகுந்துவிடும். நிற்கலாமா போகலாமா என்று முடிவு செய்ய வேண்டிய இடத்தில், சிவப்பு விளக்கு அணைந்ததுபோல் மங்குகிறது! பச்சைப் பட்டைக்கும் இக்குற்றம் உண்டு. எல்லா நிறங்களையும் ஏறத்தாழ ஒரே அளவில் குறைக்கும் சாம்பல் நிறமே பொருத்தமானது. பட்டையின் மேல் குலதெய்வத்தின் பெயரையும் பிள்ளைகளின் பெயர்களையும் தடித்த எழுத்தில் ஒட்டிக்கொள்கிறவர்களுக்கு என்ன சொல்வது? சைகை விளக்கு ஓர் எழுத்தின் கொம்புக்குப் பின்னால் போய் ஒளிந்துகொள்ளக் கூடும் என்பதை மட்டும் சொல்லி வைக்கிறேன்.

உறையில் போடும் சதவீதத்தையும் நம்பி ஏமாற வேண்டாம். அது படலத்துக்கு மட்டும் உரியது. கண்ணாடி 75 சதவீதமும் படலம் 20 சதவீதமும் ஒளியை விடுமானால், இரண்டும் சேர்ந்தபின் கிடைப்பது பெருக்கல் தொகை, அதாவது 15 சதவீதம்.

இப்பெருக்கல் சட்டத்தையும் தொடுகிறது. 1989-ஆம் ஆண்டின் மத்திய மோட்டார் வாகன விதிகளில் 100-ஆவது விதி, முன் கண்ணாடியும் பின் கண்ணாடியும் குறைந்தது 70 சதவீத ஒளியையும், பக்கக் கண்ணாடிகள் 50 சதவீதத்தையும் விட வேண்டும் என்கிறது. 2012 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம், எத்தனை சதவீதம் ஒளி விட்டாலும் கண்ணாடி மேல் படலம் ஒட்டுவதே கூடாது என்று தீர்ப்பளித்தது. பின்னர் விதி திருத்தப்பட்டு, 2021 ஏப்ரல் முதல் கண்ணாடியோடு பிளாஸ்டிக் சேர்ந்த அமைப்புக்கும் இடம் தரப்பட்டது. அதன் அடிப்படையில், அதே சதவீத வரம்புக்குள் நிற்கும், தர அளவைக்கு உட்பட்ட படலம் குற்றமாகாது என்று 2024-இல் கேரள உயர் நீதிமன்றம் கூறியது. ஆனால் 78 சதவீத ஒளி விடும் கண்ணாடியில் 90 சதவீதப் படலத்தை ஒட்டினாலே மொத்தம் 70-க்கு வந்து நிற்கிறது. கண்ணுக்கு நிறமே தெரியாத அப்படலம் சூரியனை என்ன மறைத்துவிடும்? உண்மையில் நிழல் தரக்கூடிய ஒட்டுப் பட்டை எதுவும் இந்த 70-ஐத் தாண்ட முடியாது. அமெரிக்காவில் கண்ணாடியின் மேல் பகுதியில் ‘ஏ.எஸ்.-1’ என்று ஓர் எல்லைக் குறி பொறிக்கப்படுகிறது. பல மாநிலங்களில் அதற்கு மேலே மட்டும் நிறம் இருக்கலாம். கடைக்காரர்கள் சிலர் அந்த ஊர் வழக்கை நம் ஊர்ச் சட்டம்போலச் சொல்லி விற்கிறார்கள்.

ஒட்டும் முறைத் தாளும் முழுமையானதன்று. சோப்பு நீர் தெளிக்கச் சொல்வது சரியே. நீர் இருக்கும் வரை பசை கண்ணாடியைப் பற்றாது. பட்டையை நகர்த்தி நேராக்கலாம். பிறகு ரப்பர் விளிம்புள்ள தகட்டால் நடுவிலிருந்து ஓரத்துக்கு நீரைத் தள்ள வேண்டும். சில நாள்களுக்குப் பால் போன்ற திட்டுகள் தெரிந்தால் அஞ்ச வேண்டாம். மிஞ்சிய நீர் மெல்ல ஆவியாகிவிடும். தாள் சொல்லாதவை வேறு. முன் கண்ணாடி இரு திசைகளிலும் வளைந்தது. தட்டையான ஏட்டை அதன் மேல் சுருக்கமின்றிப் படிய வைக்க இயலாது. உலக உருண்டையைத் தட்டைப் படமாக்க முடியாத அதே சிக்கல்தான். வெப்பக் காற்றால் ஏட்டைச் சுருக்கித்தான் சரிக்கட்ட வேண்டும், அதற்குப் பழகிய கை தேவை. மிகையான ஏட்டைக் கண்ணாடி மேலேயே பிளேடால் அறுப்பதை நானே பார்த்திருக்கிறேன். அக்கீறல் அழியாது, ஒவ்வொரு மாலையும் சூரிய ஒளியில் ஒரு கம்பியாக மின்னும்.

உலோகம் பூசிய பட்டையாக இருந்தால் இன்னொரு தொல்லை. சுங்கச் சாவடியில் கட்டணம் செலுத்தும் ஃபாஸ்டேக், ஏறத்தாழ 35 செ.மீ. அலை நீளமுள்ள வானொலி அலைகளால் படிக்கப்படுகிறது. உலோகப் படலம் அவ்வலைகளுக்குச் சுவர். ஃபாஸ்டேக்கை ஒட்டும் இடமோ முன் கண்ணாடியின் மேல் நடுப்பகுதி. புதிய கார்கள் சிலவற்றில் சாலையைக் கவனிக்கும் ஒளிப்படக் கருவியும் மழை உணர்வியும் அதே இடத்தில்தான் இருக்கின்றன. அவற்றின் கண்ணையும் கட்டிவிட நேரும்.

பட்டை வேண்டும் என்றே நினைப்பவர்கள், கல் பட்டோ விரிசல் விட்டோ முன் கண்ணாடியை மாற்ற நேரும்போது, நடு ஏட்டிலேயே சாயம் ஏற்றி மேலிருந்து கீழாக மெல்ல மறையும் பட்டையுள்ள கண்ணாடி அந்தக் காருக்கு உண்டா என்று தயாரிப்பாளரிடம் கேட்டு வாங்குங்கள். அது இரு கண்ணாடிகளுக்கு நடுவே இருப்பதால் உரியாது, குமிழியும் விடாது. ஒட்டுப் பட்டைகளில் உள்ள மலிவான சாயக் கலவையில் சில நிறங்கள் வெயிலில் முதலில் சிதைந்து, மற்றவை எஞ்சி, இரண்டொரு கோடைக்குள் ஊதாவாக வெளுக்கின்றன. அப்படி வெளுத்த பட்டை உங்கள் காரில் ஏற்கெனவே இருந்தால், வெயிலில் சற்று நிறுத்திப் பசை இளகிய பிறகு, ஒரு மூலையிலிருந்து சாய்வாக மெல்ல இழுங்கள். எஞ்சிய பசையைச் சோப்பு நீரில் ஊற வைத்துத் துணியால் தேய்த்து எடுங்கள்; பிளேடு வேண்டாம்.