எந்தக் கிழமையும் இல்லாத நாள்

அண்மையில் பாடசாலை விடுமுறையில் முகத்துவாரத்தில் மாமா வீட்டில் சில நாட்கள் தங்க நேர்ந்தது. மாமாவின் பேரன் உயர்தரப் பரீட்சை எழுதிவிட்டு மிகுபுனைவு நாவலொன்றில் இறங்கியிருக்கிறான். கதை இன்னும் தொடங்கவில்லை. ஆனால் அந்த உலகத்தின் நாட்காட்டி தயார். மாதத்துக்கு 28 நாள், ஆண்டுக்கு 13 மாதம். எல்லா மாதங்களும் ஒரே கிழமையில் பிறக்கும். 364 நாட்கள் போக மிஞ்சும் ஒரு நாளுக்கு மாதமும் இல்லை, கிழமையும் இல்லை. 'சும்மா நாள்' என்று அதற்குப் பெயர் வைத்திருந்தான். நான் ஆசிரியன் என்பதால் திருத்தித் தரும்படி கொப்பியை நீட்டினான். கணக்கில் பிழையில்லை. ஆயினும் ஏதோ உறுத்தியது. அந்த உறுத்தலே இக்கட்டுரை.

இவ்வகை நாட்காட்டிகளுக்கு முன்மாதிரி ஜே. ஆர். ஆர். டோல்கீன். 1955 இல் வெளிவந்த 'த ரிட்டர்ன் ஒஃப் த கிங்' நூலின் பின்னிணைப்பொன்றில் ஹொபிட்டுகள் என்னும் குள்ள மனிதரின் காலக் கணிப்பை அவர் விரிவாகத் தருகிறார். பன்னிரண்டு மாதங்கள், ஒவ்வொன்றும் 30 நாள். எஞ்சும் ஐந்து நாட்கள் மாதங்களுக்கு வெளியே நிற்கும் விழா நாட்கள். ஆண்டு சனியில் தொடங்கி வெள்ளியில் முடியும். அவர்களுடைய வாரத்தின் தலையாய நாள் வெள்ளிக்கிழமை. நண்பகலுக்குப் பின் லீவு, மாலையில் விருந்து. இதை வாசிக்கும் முஸ்லிம் வாசகன் புன்னகைக்காமல் இருக்க முடியாது. எந்த மாதமும் வெள்ளியில் பிறக்காது என்பதால், நடக்கவே நடக்காத ஒன்றை 'முதலாந்திகதி வெள்ளிக்கிழமை' என்று அவர்கள் கேலியாகச் சொல்வார்களாம். இந்தப் பகிடி ஒன்றே அந்த மக்களை எனக்கு நம்பத்தக்கவர்களாக்குகிறது.

ஆனால் இந்த ஒழுங்குக்கு ஒரு விலை இருக்கிறது. ஆண்டின் நடுநாளுக்கு அங்கே கிழமையில்லை. எனவே அந்த வாரத்தில் வெள்ளிக்கும் வெள்ளிக்கும் இடையே எட்டு நாட்கள் ஆகிவிடும். ஐக்கிய நாடுகள் சபையில் 1950களில் இந்தியா முன்வைத்த உலக நாட்காட்டித் திட்டத்திலும் இதே உத்தி இருந்தது. ஏழு நாள் வட்டம் அறுந்துபோகும் என்று பல சமயத்தவரும் எதிர்த்தனர், திட்டம் கைவிடப்பட்டது. டோல்கீனின் உலகில் எதிர்ப்பவர் யாருமில்லை. அந்த நாளை இழந்து தவிக்கும் ஒருவரைக்கூட அந்தப் பின்னிணைப்பு நமக்குக் காட்டுவதில்லை. என் முறைப்பாடு இதுதான்.

கொப்பியைப் புரட்டிப் பார்த்த மாமா, "இதுல என்ன புதினம்? நம்மட நாட்டுலயே இது நடந்ததுதானே, மகன்" என்றார்.

மாமா சொன்னது போயாக் கிழமையை. டட்லி சேனாநாயக்கவின் அரசாங்கம் 1966 இல் சனி, ஞாயிறு விடுமுறையை அகற்றி, சந்திரனின் நான்கு கால்களுக்கும் உரிய போயா நாட்களை விடுமுறையாக்கியது. போயா முழுநாள் லீவு; அதற்கு முந்திய நாள் அரைநாள். சந்திர மாதம் ஏறத்தாழ 29½ நாள். அதை நான்காகப் பகுத்தால் ஏழுக்குச் சற்றுக் கூடவே வரும். ஆகவே கிழமை சிலவேளை ஏழு நாள், இடையிடையே எட்டு நாள். ஞாயிறு விடுமுறையும் காலனித்துவம் விட்டுச் சென்றதுதான். பௌத்தர்களின் கோரிக்கையில் நியாயம் இருந்தது என்பதை மறுப்பதற்கில்லை. எனினும் உலகம் முழுவதும் வேறொரு கிழமையில் இயங்கியது. 1971 இல் பழைய வாரம் திரும்பியது. பௌர்ணமி விடுமுறை மட்டும் இன்றுவரை நிலைத்திருக்கிறது.

அந்நாளில் மாமா ஒரு கந்தோரில் இளம் எழுதுவினைஞர். ஜும்ஆவுக்குப் போக அனுமதி கேட்டால் பெரிய கிளாக்கர் எரிந்து விழுவாராம்: "போன கிழமை நாலாம் நாள் போனாய், இந்தக் கிழமை மூன்றாம் நாள் கேட்கிறாய், உனக்கு எத்தனை வெள்ளி?" வெள்ளி அசையவில்லை. அதைச் சுற்றியிருந்த கிழமைதான் அசைந்தது. பக்கத்து வீட்டுக் கத்தோலிக்க நண்பர் ஞாயிறு விடியற்பூசை கண்டுவிட்டு அதே உடுப்போடு வேலைக்கு ஓடுவாராம். "ரெண்டு பேரும் ஒரே பஸ்ஸுல ஒருத்தன ஒருத்தன் பார்த்துச் சிரிப்போம்" என்றார் மாமா.

நம்மிடம் இரண்டு கணக்குகள் உண்டு. மாதம் பிறையைப் பார்த்துப் பிறக்கும். கிழமை பிறையைப் பாராமல் ஏழேழாகச் செல்லும். போயாக் கிழமை இரண்டையும் ஒன்றாகக் கட்டியது. காலக் கணக்கில் மனிதன் கைவைப்பது நமக்குப் புதிய செய்தியுமன்று. அறியாமைக்கால அரபிகள் புனித மாதங்களைத் தம் வசதிக்கேற்பத் தள்ளிப்போட்டதை அத்தவ்பா அத்தியாயத்தின் 37 ஆம் வசனம் கண்டிக்கிறது.

மிகுபுனைவு எழுதுவோர் காணத் தவறும் இன்னொன்றும் உண்டு. அவர்களுடைய நாட்காட்டிகளில் நாளை என்ன நாள் என்பது எப்போதும் தெரிந்தே இருக்கிறது. நமக்கோ ரமழான் 29 இன் மஃரிபுக்குப் பின் அது தெரியாது. கொழும்புப் பெரிய பள்ளிவாசலிலிருந்து அறிவிப்பு வரும்வரை வானொலியருகே வீடே காத்திருக்கும். வட்டிலப்பத்துக்கு முட்டையை உடைப்பதா, சஹருக்குச் சோறு வைப்பதா என்று உம்மா அடுப்படிக்கும் முன்னறைக்குமாக நடப்பார். தையற்காரர் மெஷினை நிறுத்தாமல் காதை மட்டும் நம் பக்கம் வைத்திருப்பார். ஒரு நாள் தன் பெயருக்காகக் காத்து நிற்கும் அந்த இரண்டு மணி நேரத்தை எந்தக் கற்பனை உலகிலும் நான் வாசித்ததில்லை. நம் எழுத்தாளர்கள் அதற்காக வேற்றுலகம் தேடிப் போக வேண்டியதுமில்லை.

நாட்காட்டியின் கணக்கு சரியா என்று பார்ப்பது எளிது. அதனுள் வாழும் ஒருவனுக்கு அது எங்கே இடிக்கிறது என்று பார்ப்பதே விமர்சகனின் வேலை என்று கருதுகிறேன். கொப்பியில் எதையும் நான் திருத்தவில்லை. 'சும்மா நாள்' பக்கத்தின் ஓரத்தில் ஒரேயொரு கேள்வியை எழுதிக் கொடுத்தேன்: "அன்றைக்கு லீவு கேட்டு வருபவன் யார்?" ஊருக்கு பஸ் ஏறும்போது பையன் சொன்னான், நாட்காட்டியை மூடிவைத்துவிட்டு அந்த ஆளை எழுதத் தொடங்கிவிட்டானாம். அவன் ஒரு கிளாக்கராம்.