மழிக்கப்பட்ட கூந்தலும் மறுக்கப்பட்ட துக்கமும்: ‘ஹிரோஷிமா மொன் அமூர்’ திரைப்படத்தில் பழிவாங்கலும் மனவடுவும்

இரண்டாம் உலகப் போரில் பிரான்ஸ் 1940 முதல் 1944 வரை ஜெர்மானிய ஆக்கிரமிப்பில் இருந்தது. விடுதலையை ஒட்டி, ஜெர்மானியருக்குத் துணைபோனதாகக் குற்றஞ்சாட்டப்பட்ட ஏறத்தாழ 20,000 பெண்களின் தலை மழிக்கப்பட்டதாக வரலாற்றாய்வாளர் ஃபப்ரீஸ் விர்ஜிலி கணிக்கிறார். மார்கரித் துராஸ் எழுதி அலென் ரெனே இயக்கிய ‘ஹிரோஷிமா மொன் அமூர்’ (1959) அத்தகைய ஒருத்தியின் பின்வாழ்வைச் சித்திரிக்கிறது. அவளது மனவடு காதலனின் இறப்பால் மட்டும் நேர்ந்ததன்று; அவனுக்காகத் துக்கம் காக்கும் உரிமை பறிக்கப்பட்டதாலேயே அது நீடிக்கிறது என்பது இக்கட்டுரையின் கருத்தாகும்.

நெவேர் நகரின் ஆற்றங்கரையில், அவளுடன் ஊரைவிட்டுச் செல்லவிருந்த ஜெர்மானிய வீரன் மறைவிலிருந்து சுட்டுக் கொல்லப்படுகிறான். விடுதலைக்குப்பின் ஊரார் அவள் தலையை மழிக்கின்றனர். இறந்தவனையே எண்ணியிருக்கும் அவள் அத்தண்டனையை ஏறத்தாழ உணர்வதேயில்லை. பழிவாங்கல் குறிவைத்த இடத்தில் தைக்கவில்லை. தைத்தது அதன்பின் வந்த நிலவறை வாழ்வு. அவமானத்துக்கு அஞ்சும் பெற்றோர், அவள் கதறும்போது நிலவறையில் அடைக்கின்றனர். அழுகையே இங்குக் குற்றமாகிறது.

புறநானூற்றில் கூந்தல் களைதல் கைம்மையின் அடையாளம். கைம்மை நோன்பு கொடியதே. எனினும் ஒருத்தியின் இழப்பை ஊர் அறிந்து ஏற்றதன் குறியாகவும் அது அமைகிறது. நெவேர் மக்களோ தம்மையறியாமல் அவளுக்குக் கைம்மைக் கோலம் தருகின்றனர். அக்கோலத்துக்குரிய துக்கத்தை மட்டும் மறுக்கின்றனர். கூந்தல் ஓரளவு வளர்ந்ததும் அவள் இரவோடு இரவாகப் பாரிசுக்கு அனுப்பப்படுகிறாள். ஊரின் கணக்கு அத்துடன் தீர்கிறது, அவளுடையது தீரவில்லை.

கணவனும் அறியாத இக்கதையை ஹிரோஷிமாவில் ஒரு ஜப்பானியரிடம் முதன்முதலாகக் கூறுகிறாள். கூறியபின் ஆறுதலன்று, குற்றவுணர்வே எஞ்சுகிறது: சொல்லப்பட்ட காதல் மறக்கப்படும் காதலாகிவிட்டது, இறந்தவனுக்குத் தானே துரோகம் செய்துவிட்டதாக அவள் கருதுகிறாள். வெளிப்படப் பேசினால் வடு ஆறும் என்ற பொதுநம்பிக்கையைப் படம் இங்கு ஐயுறுகிறது. பொதுவில் துக்கம் காக்க இயலாதவளுக்கு, மறவாமையே இறந்தவனுக்குச் செய்யும் ஒரே சடங்காக எஞ்சுகிறது.

ஆக்கிரமிப்பின்கீழ் ஊரார் பட்ட துன்பத்தைப் படம் போதிய அளவு பேசவில்லை என்பது அதன் குறையே. அத்துன்பம் மெய்யானது. ஆயினும் அதற்கான பழி, துன்பம் விளைவித்த படைமீதன்றி, தற்காப்பற்ற பெண்ணுடல்மீது விழுந்தது. ஆக்கிரமிப்பு அகன்றபின்னும் அதன் வன்முறை ஊராரின் கைகளில் தொடர்ந்தது என்பதே இப்படம் உணர்த்தும் உண்மை எனலாம்.