படியிறங்கிப் போன பயிற்சியாளர்

‘ராக்கி’ (1976) திரைப்படம் கிறிஸ்துவின் உருவத்தோடு தொடங்குகிறது. அங்கிருந்து கேமரா கீழிறங்கி, இருவர் அடித்துக்கொள்ளும் குத்துச்சண்டை மேடைக்கு வருகிறது. இத்தகைய தொடக்கத்தைக் கண்டவர் ராக்கியிடமே மீட்பின் கதையைத் தேடுவது இயல்பு. எனக்கோ அக்கதை அவனுடைய பயிற்சியாளர் மிக்கியிடம்தான் ஆழமாகத் தென்படுகிறது.

மிக்கியாக நடித்த பர்ஜஸ் மெரிடித் (1907–1997) கதாநாயகத் தோற்றம் வாய்த்தவர் அல்லர். ஸ்டைன்பெக் கதையின் ஜார்ஜாக 1939-லும், போர்ச் செய்தியாளர் எர்னி பைலாக 1945-லும் நடித்துப் பெயர் பெற்றார். 1950-களில் இடதுசாரி என்ற ஐயத்தால் கறுப்புப் பட்டியலுக்கு இலக்காகி, திரைவாய்ப்புகளைப் பெரிதும் இழந்தார். பின்னர்த் தொலைக்காட்சியில் ‘பெங்குவின்’ என்னும் கோமாளி வில்லனாகச் சிறுவர்களைச் சிரிக்கவைத்தார். எழுபதை நெருங்கியபோதுதான் மிக்கி வந்தார். ஆஸ்கார் பரிந்துரையும் வந்தது.

கரகரத்த குரலில் திட்டும் கிழவராகவே மிக்கியைப் பலர் நினைவில் வைத்துள்ளனர். அது பாதி மிக்கிதான். வட்டிக்காரனுக்கு அடியாளாகத் திரியும் ராக்கியை அவர் வெறுத்து ஒதுக்குகிறார். அவனது லாக்கரையும் பிடுங்கி வேறொருவனுக்குத் தருகிறார். உலகச் சாம்பியனோடு மோதும் வாய்ப்பு அவனுக்குக் கிடைத்ததும், பழைய புகைப்படம் ஒன்றோடு அவன் அறைக்கே வந்து நிற்கிறார். தாம் பட்ட அடிகளைச் சொல்கிறார். வயது எழுபத்தாறு என்கிறார். அந்நேரம் மெரிடித்தின் முகத்தில் தன்னலமும் வெட்கமும் உண்மையான பரிவும் பிரிக்க இயலாதபடி கலந்திருக்கின்றன. பார்வையாளரின் இரக்கத்தைப் பெற அவர் சிறிதும் முயலவில்லை. அதுவே அரிய நடிப்பு.

இந்த மனமாற்றத்தை நம்பலாமா? ஆதாயம் கண்டு வந்தவர்தாமே! பழைய ஞானோபதேசம் உத்தம மனஸ்தாபத்தையும் அதனினும் குறைந்ததையும் பிரித்துக் கூறும். ஆயினும் குறைந்ததோடு வருபவனையும் ஒப்புரவு அருட்சாதனம் திருப்பி அனுப்புவதில்லை. ராக்கி குளியலறைக்குள் ஒளிகிறான். கிழவர் படியிறங்கிப் போன பின்னரே மூடிய கதவுகளை நோக்கிக் கத்தித் தீர்க்கிறான். பிறகு தெருவில் ஓடி அவரைப் பிடிக்கிறான். இயக்குநர் அவில்ட்சன் கேமராவைத் தொலைவிலேயே நிறுத்திவிட்டார். அவர்கள் பேசுவது நமக்குக் கேட்பதில்லை. கைகுலுக்குவது மட்டும் தெரிகிறது. பாவசங்கீர்த்தனத் தொட்டியின் இரகசியத்தைக் காப்பவனுக்கு இந்தக் கண்ணியம் புரியும்.

மூன்றாம் படம் (1982) மிக்கியின் மரணத்தில் கண்ணீரை வலிந்து பிழிகிறது. எனினும் யூத முறைப்படி நிகழும் அவரது அடக்கச் சடங்கு, இரண்டாம் படத்தின் (1979) காட்சியொன்றுக்குப் புதிய பொருள் தருகிறது. மனைவி நினைவிழந்து கிடக்க, ராக்கி மருத்துவமனைச் சிற்றாலயத்தில் ஒடுங்கியிருக்கிறான். போட்டி நெருங்குகிறதே என்று அங்கும் வந்து கடிந்துகொள்கிறார் மிக்கி. பின்னர்க் குரல் தணிகிறது. நீ இங்கேதான் இருப்பாயானால் நானும் இருந்து செபிக்கிறேன் என்கிறார், அந்த யூத முதியவர்.