இருட்டில் ஒரு சுருட்டு நெருப்பு

நாடக நடிகர் வில்லியம் கில்லெட் 1937இல் காலமானார். மேடையில் அவருடைய ஷெர்லாக் ஹோம்ஸைப் பார்த்தவர்களும் ஒவ்வொருவராகப் போய்ச் சேர்ந்தார்கள். 1916இல் அவரை ஹோம்ஸாக வைத்துச் சிகாகோவின் எஸ்ஸனே கம்பெனி எடுத்த மௌனப் படமும் தொலைந்துபோயிற்று. தாத்தா காலத்துப் பெருமையைப் போல அவர் புகழை நம்பத்தான் முடிந்தது, சரிபார்க்க முடியவில்லை. 2014இல் பாரிஸ் திரைப்படக் காப்பகத்தில் அந்தப் படம் அகப்பட்டது. இனி எடைபோடலாம்.

முதலில் ஒன்றைத் தள்ளிவைக்க வேண்டும். ஓவியர் ஃபிரெடரிக் டார் ஸ்டீல் ஹோம்ஸை வரைந்தபோது கில்லெட்டின் முகச்சாயலையே கொடுத்தார். வளைந்த புகைக்குழாய் ஹோம்ஸோடு ஒட்டிக்கொண்டதற்கும் கில்லெட்தான் காரணம் என்பார்கள். இதெல்லாம் செல்வாக்குக்குச் சான்று, நடிப்புக்கு அல்ல. ரசிகர்கள் இரண்டையும் போட்டுக் குழப்புகிறார்கள்.

அவர் நடித்த ஹோம்ஸ் நாடகத்தை எழுதியவரும் அவரே. ஹோம்ஸுக்குக் கல்யாணம் பண்ணிவைக்கலாமா என்று தந்தியில் கேட்க, உங்கள் இஷ்டப்படி செய்துகொள்ளுங்கள் என்கிற பாணியில் ஹோம்ஸைப் படைத்த கோனன் டாயில் விட்டுக்கொடுத்துவிட்டார். விளைவு: துப்பறிவாளர் கடைசியில் கதாநாயகி ஆலிஸ் ஃபாக்னரிடம் மனதைப் பறிகொடுக்கிறார். மூளையே உடம்பாக இருந்த ஒருவரைச் சராசரிக் கதாநாயகனாக்கியது பெரிய சறுக்கல். ஆனால் ஸ்டெப்னி விஷவாயு அறைக் காட்சியை எழுதியதும் அதே கைதான். சூழ்ந்து நிற்கும் ரவுடிகளுக்கு நடுவே ஹோம்ஸ் விளக்கை உடைக்கிறார். கும்மிருட்டு. ஜன்னலோரம் சுருட்டின் கங்கு மட்டும் தெரிகிறது; எல்லாரும் அதை நோக்கிப் பாய்கிறார்கள். சுருட்டை அங்கே வைத்துவிட்டு அவர் வாசல் வழியாக நழுவிவிட்டார்! வசனமே தேவைப்படாத இந்த உத்தியை அவர் மேடையேற்றிய 1899இல், சினிமாவுக்கு நான்கு வயதுதான்.

நடிப்புக்கு வருவோம். ஆயிரம் தடவை சொன்ன வசனத்தையும் அந்தக் கணத்தில்தான் தோன்றியதுபோலச் சொல்ல வேண்டும் என்று 1913இல் ஓர் உரையில் வாதிட்டார். சொல்வது சுலபம்; அந்த வேடத்தை 1,300 தடவைக்கு மேல் போட்ட மனிதருக்கு அது சாத்தியமா? படத்தில் அவருக்கு 62 வயது. ஹோம்ஸின் எதிரி மோரியார்ட்டியாக வரும் எர்னஸ்ட் மோபேன் முகத்தைக் கசக்கி வேலைவாங்க, கில்லெட் சும்மா இருக்கிறார். எதிராளி பேசும்போது கேட்கிறார், உண்மையாகவே கேட்கிறார். கூடத்துக் கடைசி வரிசைக்காகக் கையை வீசும் வழக்கம் அவரிடம் இல்லை. அவருடைய உரை வெறும் மேடைப்பேச்சு அல்ல என்பதற்கு எனக்கு இந்தச் சாட்சி போதும்.

குறை இல்லாமல் இல்லை. காமிரா பெரும்பாலும் நாடகக் கொட்டகையின் முன்வரிசைக்காரர்போலத் தள்ளியே நிற்கிறது. வசன அட்டைகள் குறுக்கிட்டு, பேச்சுக்கு நடுவே அவர் விடும் இடைவெளிகளை விழுங்கிவிடுகின்றன. ஆனால் அந்தப் பழியை இயக்குநர் ஆர்தர் பெர்தலே சுமக்கட்டும்.

நடிகர் கில்லெட்டுக்குப் பெரும் சொத்து சேர்த்துக்கொடுத்தது ஹோம்ஸ் வேடம்தான். 1929இல் விடைபெறும் சுற்றுப்பயணம் என்று கிளம்பியவர், 1932 வரை விடைபெற்றுக்கொண்டே இருந்தார்! நாடகாசிரியராக அவருக்கு இரண்டாம் வரிசைதான் தருவேன். நடிகராக முதல் வரிசை, தயங்காமல். ஆனால் அதற்கு ஆதாரமாக நம்மிடம் இருக்கும் முழுநீளப் படம் ஒன்றே ஒன்று.