அட்சக்கோடும் கரிசலும்: இளமை நிலவெளியும் ‘ஊர்’ எனும் கருத்தும்

இளமையில் வாழ்ந்த நிலம் படைப்பாளியின் நினைவில் நிலைபெறும் முறையை ஆராயத் திணைக் கோட்பாடு பெரிதும் துணைநிற்கிறது. ஆயின், முதற்பொருளாகிய நிலத்திற்கும் அங்கு வாழ்வோர்க்கும் உள்ள உறவை அது இயல்பானதாகவே கொள்கிறது. பிறமொழி வழங்கும் நிலத்தில் பிறந்து வளர்ந்தவனுக்கு ஊர் எது என்னும் வினா அதனுள் எழுவதில்லை. அவ்வினாவை எழுப்பும் புதினம் அசோகமித்திரனின் ‘பதினெட்டாவது அட்சக்கோடு’ (1977).

1931இல் செகந்திராபாத்தில் பிறந்த அசோகமித்திரன், தந்தையின் மறைவுக்குப்பின் 1952இல் சென்னைக்குக் குடிபெயர்ந்தார். கால் நூற்றாண்டு கழித்து எழுதிய இப்புதினம், 1948 செப்டம்பரில் ஐதராபாத் இந்தியாவுடன் இணைக்கப்பட்டதையொட்டிய காலத்தைக் களமாகக் கொள்கிறது. இதில் பூர்வீக வீடோ குலதெய்வக் கோயிலோ நினைவின் மையமாவதில்லை. ரயில்வே ஊழியர் குடியிருப்பும் கிரிக்கெட் ஆடும் வெளியும் மிதிவண்டி செல்லும் தெருக்களுமே சந்திரசேகரனின் நிலம். தலைப்பும் ஊர்ப்பெயரைச் சுட்டாமல், நிலப்படத்தில் மட்டுமே உள்ள கற்பனைக் கோட்டைச் சுட்டுவது நோக்கத்தக்கது.

இதற்கு ஓராண்டு முன் வெளிவந்த கி. ராஜநாராயணனின் ‘கோபல்ல கிராமம்’ (1976) இதன் மறுதலை. தெலுங்கு நாட்டிலிருந்து ஒரு பெண்ணைக் காக்கப் புறப்பட்டோர் காடு திருத்திக் கரிசலைத் தமதாக்குகின்றனர். உழைப்பும் வாய்மொழிக் கதைகளும் அந்நிலத்தை ஊராக்குகின்றன. அசோகமித்திரனிடமோ ஒரு பெண்ணின் முன்னிலையில் ஊர் இழக்கப்படுகிறது. கலவரத்தின்போது ஒரு முஸ்லிம் வீட்டினுள் நுழைந்துவிடும் சந்திரசேகரன், குடும்பத்தைக் காக்கத் தன்னையே அளிக்க முன்வரும் சிறுமியைக் கண்டு வெளியே ஓடுகிறான். தான் அவர்களுள் ஒருவன் அல்லன், அச்சத்திற்குரியவன் என்பதை அவள் செயல் அவனுக்கு உணர்த்திவிடுகிறது.

எனவே, இப்புதினத்தை இழந்த ஊரின் ஏக்கமாக மட்டும் வாசிப்பது பொருந்தாது. தெருக்கள் அப்படியே இருக்கின்றன. அண்டை வீட்டார் மீதிருந்த நம்பிக்கை மட்டுமே மறைகிறது. மண்ணுரிமையினும் அந்நம்பிக்கையே ஊரை ஊராக்குகிறது என்பதை இப்புதினம் புலப்படுத்துகிறது. ஏக்கத்தினூடே குற்றவுணர்வையும் நினைவின் உரிப்பொருளாக்கியமை, தமிழ்ப் புனைகதையின் நிலவெளிச் சித்திரிப்புக்கு அசோகமித்திரன் அளித்த தனிக்கொடை எனலாம்.