பிரம்மலோகத்தில் ஒரு பாட்டு, சுங்கை புரோங்கில் ஒரு ராகு காலம்

உலகுக்கு உலகு காலம் வேறு வேகத்தில் ஓடும் என்று கதை கட்டுவது எளிது. அந்த வேற்றுமைக்கு ஒரு விகிதம் வைத்து, கதை எங்கே போனாலும் அதை மீறாமல் காப்பதுதான் கடினம். நம் புராணங்கள் அதற்குத் துணிந்தன. மனிதரின் ஓர் ஆண்டு தேவருக்கு ஒரு நாள். தேவரின் 12,000 ஆண்டு, அதாவது நமக்கு 43 லட்சத்து 20 ஆயிரம் ஆண்டு, ஒரு சதுர்யுகம். ஆயிரம் சதுர்யுகம் பிரம்மாவுக்கு ஒரு பகல். கோயில் சொற்பொழிவுகள் இந்த எண்களின் பெருக்கத்தை வியந்துவிட்டு நின்றுவிடுகின்றன. கணக்கு நிற்கிறதா என்று அறிய, உலகம் விட்டு உலகம் போய்வந்தவர்களிடம்தான் கேட்க வேண்டும்.

ககுத்மி என்ற அரசன் மகள் ரேவதிக்கு மாப்பிள்ளை கேட்டு பிரம்மலோகம் போகிறான். அங்கே கந்தர்வர் பாட்டு நடக்கிறது. முடியட்டும் என்று காத்திருக்கிறான். முடிந்தபின் பிரம்மா சொல்கிறார்: நீ நினைத்து வந்தவர்கள் எல்லாரும் போய்விட்டார்கள், அவர்களுடைய பேரப்பிள்ளைகளின் குலப்பெயர்கூட இப்போது காதில் விழுவதில்லை. பாகவதக் கணக்கில் பூமியில் 27 சதுர்யுகங்கள் கழிந்திருந்தன. ஆயிரம் சதுர்யுகத்துக்கு முப்பது நாழிகைப் பகல் என்றால், இருபத்தேழுக்கு முக்கால் நாழிகைக்குச் சற்று மேல். நம் கடிகாரத்தில் இருபது நிமிடம்கூட இல்லை. ஒரு ராகத்தை விரித்துப் பாடி முடிக்கும் நேரம் அது! இன்னொரு பக்கமும் பொருந்துகிறது. ககுத்மி வைவஸ்வத மனுவின் வழியில் சில தலைமுறைகளே தள்ளிப் பிறந்தவன். ஆகவே அந்த மனுவின் ஆட்சிக்காலமான மன்வந்தரத்தின் தொடக்கத்தில் புறப்பட்டவன். திரும்பி வந்து பலராமனுக்குப் பெண் கொடுப்பது இருபத்தெட்டாம் சதுர்யுகத்தில், கலி நெருங்கும் வேளையில். விஷ்ணு புராணமும் அந்த வேளையைத்தான் சொல்கிறது. ராஜூலா கப்பலேறிப் பல வருஷம் கழித்து ஊர் திரும்பிய நம் மலாயாத் தோட்டத்துப் பெரியவர்களுக்கு அந்த அரசனின் திகைப்பை யாரும் விளக்க வேண்டியிருந்திருக்காது.

அமைப்பு சறுக்கும் இடமும் உண்டு. வனபர்வத்தில் அர்ச்சுனன் இந்திரலோகத்தில் ஐந்தாண்டு தங்குகிறான். கீழே காத்திருந்த சகோதரர்களுக்கும் ஐந்தாண்டுதான். நம் ஆண்டில் சொன்ன கணக்கு அது, மேலே ஐந்து நாள்தான் என்று சமாதானம் சொல்வார்கள். அந்த ஐந்து நாளில் அஸ்திரங்களோடு சித்திரசேனனிடம் பாட்டும் ஆட்டமும் கற்றுத் தேர்ந்தான் என்பதை நான் ஏற்க மாட்டேன். பன்னிரண்டு ஆண்டு வனவாசத்துக்குள் அவனைத் திருப்பிக் கொண்டுவர வேண்டிய கட்டாயத்தில் இதிகாசம் விகிதத்தைக் கைவிட்டது. இது மெய்யான விரிசல்.

மன்வந்தரக் கணக்கில் உள்ளது ஒட்டுப்போட்ட இடம். பிரம்மாவின் ஒரு பகலை ஆளும் பதினான்கு மனுக்களுக்கு ஆளுக்கு எழுபத்தொரு சதுர்யுகம் வீதம் கூட்டினால் 994; ஆயிரத்துக்கு ஆறு குறைகிறது. விஷ்ணு புராணம் ‘எழுபத்தொன்றும் சற்று அதிகமும்’ என்ற பொருளில் சொல்லிவிட்டு நகர்கிறது. சூரிய சித்தாந்தம் பதினைந்து சந்திக்காலங்களைச் செருகி, ஒவ்வொன்றுக்கும் ஒரு கிருதயுக நீளம் கொடுத்து, அந்த ஆறைச் சரியாக நிரப்புகிறது. ஒட்டு வெளியே தெரிகிறது என்றாலும் மிச்சத்தை மறைக்காமல் கணக்கில் கொண்டுவந்ததை மதிக்கிறேன்.

ஆகவே என் தீர்ப்பு இதுதான்: ரேவதி கதை ஒன்றுக்காகவே இந்த அமைப்பு தேறுகிறது. எல்லா உலகிலும் ஒரே மணி அடிக்க அது முயலவில்லை. ஒன்றுக்கு மற்றொன்று எத்தனை என்பதை மட்டும் பிடித்துக்கொண்டது. கடல் கடந்த நமக்கு அதன் அருமை இன்னும் கூடுதலாகத் தெரிந்திருக்க வேண்டும். மலாயாவின் கடிகாரத்தை அரசுகள் பலமுறை தள்ளின: 1933இல் இருபது நிமிடம், 1941இல் இன்னும் பத்து, 1942இல் ஜப்பானியர் வந்ததும் தோக்கியோ நேரத்துக்காக ஒன்றரை மணி, போர் முடிந்ததும் பழையபடி, 1982 ஜனவரி 1இல் மறுபடி அரைமணி. பால்மரம் எதற்கும் அசையவில்லை. வெயில் ஏறினால் பால் குறையும், தோட்டத்தில் காலையில் ஆள்கணக்கு எடுக்கும் பெரட்டும் அதைப் பார்த்துத்தான் நடந்தாக வேண்டும்.

ராகு காலமும் அப்படிச் சூரியனோடு கட்டிய கணக்குதான்: உதயம் முதல் அத்தமனம் வரை எட்டுப் பங்கு, திங்களன்று இரண்டாவது பங்கு. ஆறு மணிக்கு விடியும் தமிழ்நாட்டில் அது 7.30 முதல் 9 வரை. இங்கே மலேசியாவில் சுங்கை புரோங்கிலும் பத்தாங் பெர்ஜுந்தையிலும் சூரியன் பெரும்பாலும் ஏழு மணிக்குப் பிறகே எழுகிறது, சராசரியாக 7.10 என்று கொண்டால் அது 8.40 முதல் 10.10 வரை. நாட்காட்டியில் இருக்கும் தமிழ்நாட்டு எண்ணை நம்பி, ஒன்பது தாண்டட்டும் என்று காத்திருந்து திங்கட்கிழமை புதுக்கடை திறக்கிறவர், தாம் அஞ்சிய நேரத்தின் நடுவில்தான் பூட்டைத் திறக்கிறார்.