ஈடு என்னும் சொல்லும் ஒரு தீர்ப்பும்

தீர்ப்புரையை உரைநடையாகக் கொண்டு ஆராயும் வழக்கம் நம்மிடையே இல்லை. ஆயினும் நாவலும் கவிதையும் தீண்டாத குடிசைகளையும் சென்று தீண்டும் உரைநடை அதுவேயன்றோ? 2006 ஒக்டோபர் 19 இல் குர்பிரீத் சிங் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றத்தின் ஐவர் அமர்வு வழங்கிய தீர்ப்பை உடையார்கட்டிலிருந்து நாம் எடுத்துப் பேசுவது பொருந்தாத் தொழிலாகச் சிலருக்குத் தோன்றலாம். காணி அரசின் கைக்குப் போவதும், கைக்கு வந்த காசு கடனுக்குப் போவதும் வன்னி மக்களுக்கு விளக்க வேண்டிய செய்திகள் அல்ல.

வழக்கின் பொருள் இது. 1894 ஆம் ஆண்டு நில எடுப்புச் சட்டத்தின்கீழ்க் கலெக்டர் முதலில் ஒரு விலையை நிர்ணயிப்பார். அது போதாதென்று குடியானவன் நீதிமன்றம் ஏறினால் தொகை உயரும். மேன்முறையீட்டில் மீண்டும் உயரும். உயர்ந்த தொகைக்கு முதலாண்டில் நூற்றுக்கு 9, பின்னர் 15 வட்டி. அரசோ பணத்தைத் தாமதித்தும் குறைத்தும் கட்டுகிறது. குறைந்து வந்த அந்தப் பணத்தை முதலில் எக்கணக்கில் வரவு வைப்பது?

அற்பக் கேள்வியன்று. முதல் ஓரிலட்சம், சேர்ந்த வட்டி அறுபதினாயிரம், வந்ததோ எண்பதினாயிரம் என்று வைத்துக்கொள்வோம். வட்டிக்கு முதலில் வரவு வைத்தால் எண்பதினாயிரம் முதல் எஞ்சும். ஆண்டுக்குப் பன்னீராயிரம் வட்டி வளரும். முதலுக்கு முதலில் வரவு வைத்தால் எஞ்சுவது இருபதினாயிரமே, வட்டி மூவாயிரம். பணம் ஒன்று, எழுதும் பத்தி வேறு, நட்டப்படுபவனும் வேறு.

தீர்ப்பு முழுவதும் குடியானவனுக்கு எதிரானது என்று சொன்னால் அது நேர்மையாகாது. ஒரு கட்டத்தில் விதிக்கப்பட்ட தொகையில் குறைவு நேர்ந்தால், அரசு இன்ன கணக்கிற்கென்று குறித்துக் கட்டாதவிடத்து, வட்டிக்கும் செலவுக்கும் முதலில் வரவு வைக்கும் உரிமையை அது ஏற்கிறது. ஆனால் கலெக்டர் கட்டம், கீழ் நீதிமன்றக் கட்டம், மேன்முறையீட்டுக் கட்டம் என்று கடனைத் துண்டாக்கி, முடிந்த கட்டத்தின் கணக்கைத் திரும்பத் திறக்கலாகாது என்கிறது. கூடுதல் தொகைக்கே வட்டி என்னும் சட்டவாசகம் இதற்கு ஆதாரம். அதனை நாம் மறுக்கவில்லை. எனினும் நிலம் ஒன்று. பறிபோன நாளும் ஒன்று. முதல் விலை குறைவென்று நீதிமன்றமே கண்டபின், அக்குறைவு பிற்காலத்தில் பிறந்த புதுக்கடனாவது எங்ஙனம்?

கடன்பட்டவன் குடியானவனாயின் இந்த நுட்பம் யாருக்கும் தோன்றுவதில்லை. அவன் கட்டும் பணம் வட்டிக்கு முதலிலும் முதலுக்குப் பின்னரும் போவதே பழைய பொதுவிதி. ஈட்டுறுதி எழுதிக் கொடுத்தவன் கடனைக் கட்டங்களாக யார் பிரித்தார்? வன்னியில் நுண்கடன் வாங்கிய பெண்கள் இக்கணக்கைச் சட்டம் படியாமலே அறிவர். வறட்சி மாவட்டங்களில் பெண்கள் பெற்ற ஓரிலட்சத்துக்கு உட்பட்ட நுண்கடன்களை 2018 இல் அரசே தள்ளுபடி செய்ய முன்வந்ததென்றால், நிலைமை எவ்வளவு முற்றியிருந்தது என்பது விளங்கும்.

நமது மொழி இவ்விடத்தில் ஒரு விந்தை செய்கிறது. இழந்ததற்குப் பெறுவதும் ஈடு. கடனுக்குப் பிணையாக வைப்பதும் ஈடு. கொடுத்தவனும் கடன்காரன், வாங்கியவனும் கடன்காரன். சொல் இருவரையும் சமமாக வைக்கிறது, வரவேடு வைப்பதில்லை.

சட்டத்தில் இன்னொரு சொல்லும் உண்டு: 'சொலேசியம்', அதாவது ஆறுதல் தொகை. வலிந்து எடுத்தமைக்காகச் சந்தை விலையுடன் நூற்றுக்கு 30 சேர்த்துக் கொடுப்பது. 2013 ஆம் ஆண்டுப் புதுச்சட்டம் அதனை நூற்றுக்கு நூறாக்கிற்று. அந்த ஆறுதலுக்கும் வட்டி உண்டென்று 2001 செப்டெம்பர் 19 இல் சுந்தர் வழக்கில் அதே நீதிமன்றம் தீர்த்தது. ஐந்தாண்டு கழித்து வந்த குர்பிரீத் சிங் தீர்ப்போ, நிறைவேற்று மனு நிலுவையில் உள்ளவருக்கு மட்டும், அதுவும் அந்நாளுக்குப் பிந்திய காலத்துக்கு மட்டும் அவ்வட்டியை அனுமதித்தது. மனு முடிந்துபோன குடியானவனுக்கு ஆறுதல் உண்டு. அதற்கு வட்டி இல்லை.